தார் உருகிய ரேஸ்: ரீம்ஸ், 1961

வணக்கம் மக்களே. இன்றைக்கு ஃபார்முலா ஒன்தான், ஆனால் பழைய கதை. 1961 ஜூலை 2, பிரான்ஸில் ரீம்ஸ். திரையில் இருக்கிற மேப்பைப் பாருங்கள். நீள நீளமான ரோடு, முனையில் திருப்பம், பெரும்பாலும் அவ்வளவுதான். சாதாரண நாளில் ஊர்க்காரர்கள் போய்வருகிற ரோடு. ஒரு சுற்று 8.3 கிலோமீட்டர், மொத்தம் 52 சுற்று.

அன்றைக்கு அடித்த வெயிலில் தார் இளகிவிட்டது. திருப்பங்களில் ஜல்லி பெயர்ந்து, முன்னால் போகிற டயரிலிருந்து பின்னால் வருகிறவர் முகத்துக்கே பறக்கிறது. மூடாத கார், கண்ணுக்கு காகிள்ஸ் மட்டும்தான்!

முதல் வரிசை மூன்றும் ஃபெராரி. ஃபில் ஹில் தில்வா திருப்பத்தில் சுழன்று எஞ்சின் நின்றுபோனார். வான் ட்ரிப்ஸுக்கு எஞ்சின் போச்சு. கின்தருக்கு ஆயில் பிரஷர் காலி. மிச்சம் ஒரே ஃபெராரி, அதில் 26 வயது ஜான்கார்லோ பகெட்டி. உலக சாம்பியன்ஷிப்பில் அவருக்கு அதுதான் முதல் ரேஸ். 12-வது இடத்தில் கிளம்பியவர்.

அவரை விடாமல் நெருக்கியது இரண்டு போர்ஷே. கடைசியில் போனியரின் எஞ்சின் மக்கர் செய்ய, மிஞ்சியது டான் கர்னி. இவர் முந்த, அவர் முந்த என்றே போகிறது.

மூத்தவர்கள் விழுந்ததால் பகெட்டிக்கு அடித்த அதிர்ஷ்டம் என்பார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. கடைசிச் சுற்றில் தில்வா தாண்டி நேர் ரோட்டுக்கு வரும்போது முன்னால் இருப்பது கர்னி. பகெட்டி அவசரப்படவில்லை, அவர் வாலிலேயே ஒட்டிக்கொண்டார். லாரிக்குப் பின்னால் சைக்கிள் மிதித்தவர்களுக்குத் தெரியும், முன்னால் போகிறவர் காற்றைக் கிழிக்க, நமக்கு இழுப்பு கிடைக்கும். அதை வாங்கிக்கொண்டு கோட்டுக்குச் சற்று முன்னால் வெளியே வந்தார். சீக்கிரம் வந்திருந்தால் கர்னி அதே வித்தையைத் திருப்பிப் போட்டிருப்பார். வித்தியாசம் 0.1 நொடி!

அதற்கப்புறம் இன்றுவரை முதல் ரேஸிலேயே யாரும் ஜெயித்ததில்லை. பகெட்டியும் சாம்பியன்ஷிப்பில் மறுபடி ஜெயிக்கவில்லை. கர்னிதான் மறு வருஷம் ரூவானில் அதே பிரெஞ்சு கிராண்ட் ப்ரீயை ஜெயித்தார். சொந்த அணியாக வந்து போர்ஷே ஜெயித்த சாம்பியன்ஷிப் ரேஸ் அது ஒன்றுதான்.