கப்புக்கு அடியில ஒரு எழுத்து

வணக்கம். நான் கனகாலமா நினைச்சுக்கிட்டிருக்கிற விசயம் இது. அந்தஸ்து, மரியாதை, ஊர் என்ன கதைக்கும் எண்ட பயம், இதுகள வெச்சு எழுதுற நகைச்சுவை நாடகம்.

சின்ன வயசில மட்டக்களப்பில களுவாஞ்சிகுடிப் பக்கம் ஒரு கோயில் திருவிழாவில பொடியன்கள் நாடகம் போட்டாங்க. மாப்பிள்ளை பகுதி வீடு பார்க்க வருது. நம்மட பகுதியில மகளுக்கு வீடு குடுக்கிறதுதானே வழக்கம், அப்ப வீட்டப் பார்க்காம சம்பந்தம் முடியாது. தகப்பன் பக்கத்து வீட்டில சோபா செட்டி, ஃபேன், தங்கக்கரை போட்ட ஆறு கப், எல்லாம் இரவல் வாங்கி வெச்சிருக்கார். தேத்தண்ணி வருது. மாப்பிள்ளைட தாய் குடிச்சு முடிச்சு கப்பத் திருப்பிப் பார்க்கிறா, அடியில சிவப்பு நெயில் பொலிஷால ஒரு எழுத்து. இரவல் குடுக்கிற சாமானுக்கு நம்மட பொம்பிளையள் போடுவாங்களே, அதேதான். "இதென்ன எழுத்து?" எண்டு கேட்கிறா. "அது எங்கட அப்பப்பாட பேர்" எண்டு தகப்பன் சொல்லி வாய மூடல்ல, பக்கத்து வீட்டுச் சின்னவன் ஓடி வாறான், "மாமா, அம்மா கப்பக் கழுவித் தரட்டாம்!"

சனம் விழுந்து விழுந்து சிரிச்சிது. எங்கட அம்மாக்குக் கண்ணால தண்ணி. மறுகா வீட்ட நடந்து போகக்குள்ள அவ சொன்னா, "பாவம்கா அந்த மனிசன், கை நடுங்கி சோசர் கடகடண்டு ஆடினதப் பார்த்தியா?"

அதத்தான் நான் சொல்ல வாறன். அந்த நாடகம் அவர்ட வறுமையப் பார்த்துச் சிரிக்கல்ல, அத மறைக்க அவர் பட்ட பாட்டப் பார்த்துத்தான் சிரிச்சிது. இப்ப கன பேர் பகிடி எண்டு கறுப்பையும் உடம்பையும் கடற்கரைச் சனத்திட பேச்சையும் எடுக்கிறாங்க, எனக்கு அது கோவம்தான் வருது.

பிரான்சில மோலியர் எண்ட நாடகக்காரர் 1670ல ராசாக்கு முன்னால ஒரு நாடகம் போட்டார். துணி யாவாரிட மகன், பணக்காரன், பிரபுவாக ஆசைப்படுறான். தையல்காரன் உடுப்பில பூவத் தலைகீழா வெச்சுத் தைச்சிட்டான், ஏன் இப்பிடி எண்டு கேட்டா பெரிய ஆக்கள் இப்பிடித்தான் போடுறாங்க எண்டு சொல்றான், உடனே இவனுக்குச் சரி! மோலியர்ட தகப்பனும் சோபா செட்டி, திரைச்சீலை செய்யிற யாவாரிதான். தன்ர ஆக்களத் தெரிஞ்சு எழுதின கை அது.

நேரம் முடியுது எண்டு ரேடியோக்காரர் கண்ணாடிக்கு அங்கால இருந்து கை காட்டுறாங்க. நம்மட கூத்தில ராசா வர முதல், அவர் வாறத அறிவிக்கிற கட்டியகாரன் வந்து களரியில, கூத்தாடுற இடத்தில, நிக்கிறத நீங்க கண்டிருப்பீங்க. அவரப் பத்தித்தான் கனக்கச் சொல்ல இருந்தனான். இன்னொரு நாளைக்குக் கூப்பிட்டா அவரிலருந்தே தொடங்கிறன். வணக்கம்.