காற்று என்றாரே நண்பர்!

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ‘நடிகையை வாழவைப்பது மேடையா, திரையா?’ என்ற வழக்கில் நான் திரையின் பக்கம்.

சற்றுமுன் எதிரணி நண்பர் சொன்னார்: “ஹங்கேரியின் ஊமைப்பட நடிகை லிலி பெர்கி வாயைத் திறந்தார், காற்றுத்தான் வந்தது!” நீங்களும் கைதட்டினீர்கள். அந்தக் கைதட்டலைத் திருப்பி வாங்காமல் நான் இறங்கப்போவதில்லை.

லிலி பெர்கி கொலோஜ்வார் நாடக அரங்கின் நடிகை. அந்த ஊர் இன்று ருமேனியாவில் இருக்கிறது. அரங்கை நடத்திய யெனோ யானோவிச், தம் நடிகர்களை வைத்தே படங்கள் எடுத்தார். 1914இல் எடுத்த ஒரு படத்தில் லிலிக்கு வேலைக்காரப் பெண் வேடம். திருட்டுப் பழி சுமந்து ஊருக்கு விரட்டப்படுகிறவள். இயக்கியவர் மிஹாய் கெர்டேஸ். பிற்பாடு அமெரிக்காவில் மைக்கேல் கர்டிஸ் ஆகி ‘காஸபிளாங்கா’ எடுத்தாரே, அவரேதான்.

அந்தப் பெண்ணுக்குத் தாயாக நடிக்க வந்தவர் யார்? மாரி யாசாய்! நண்பர் இவ்வளவு நேரம் புகழ்ந்தாரே, புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கின் அரசி, அவர்தான். தச்சர் வீட்டில் பிறந்து, வீட்டு வேலை செய்து, குரலால் நாட்டையே ஆண்டவர். அவரே தம் 64ஆவது வயதில், குரல் பதியாத கேமராவின் முன் வந்து நின்றார். அரசிக்குத் தெரிந்தது நண்பருக்குத் தெரியவில்லையே!

அப்புறம் அந்தப் படம் காணாமல் போனது. ஹங்கேரியின் ஊமைப்படங்களில் பத்தில் ஒன்றுகூட இன்று மிஞ்சவில்லை. அந்தக் கால நைட்ரேட் சுருள் தீயைக் கண்டால் பற்றிக்கொள்ளும். தீயே படாவிட்டாலும் சுருங்கும், ஒட்டிக்கொள்ளும், பொடியாகும். இதுவும் பொடியாகிவிட்டது என்றே எல்லோரும் நினைத்தார்கள்.

கிடைத்தது, ஐயா! எங்கே? கொலோஜ்வாரிலா? இல்லை. புடாபெஸ்டிலா? இல்லை. கடல் தாண்டி, நியூயார்க்கில், ஹங்கேரியர் இல்லத்தின் அடித்தளத்தில்! மறுபடி சொல்கிறேன், நண்பர் குறித்துக்கொள்ளட்டும்: இரண்டு உலகப் போர்கள் முடிந்து, ஊரே வேறு நாட்டுக்குப் போய், நடித்தவர்கள் எல்லோரும் மண்ணுக்குள் போன பிறகு, 2008இல் ஓர் அடித்தளத்திலிருந்து லிலி எழுந்து வந்தார். காற்றா அது?

காற்று என்றாரே, 1930களில் பேசும்படம் வந்தபோது லிலி வாயடைத்துப் போனாரா? பேசினார், அடுத்த தலைமுறையின் படங்களிலும் நடித்தார்.

நடுவர் அவர்களே, வாதம் இருக்கட்டும். மாரி யாசாய் 1926இல் போய்விட்டார். மேடையில் அவரைக் கண்டு கைதட்டிய கைகளில் ஒன்றுகூட இன்று இல்லை. ஆனால் அந்தச் சுருளைப் பழுது நீக்கி ஓடவிட்டால், சிறையிலிருந்து திரும்பும் தாயாக அந்த 64 வயது முகம் நம் முன்னே வருகிறது. அதே படத்தில் மகள் லிலி. அன்று அவருக்கு 28 வயது. இன்றும் 28தான்.