மில்பா: மாயா உழவரின் மக்காச்சோளக் காடு

அவையோருக்கு வணக்கம்.

நடு அமெரிக்காவின் பழங்குடிகளான மாயா மக்களின் மக்காச்சோளச் சாகுபடி என்றதுமே, ‘காட்டை எரித்து விதைத்தார்கள்’ என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். எரிப்பது ஒரு நாள் வேலை. அவர்களுடைய அறிவு மற்ற நாட்களில்தான் இருக்கிறது.

மெக்சிகோவின் யுகத்தான் தீபகற்பத்தில் இன்றும் தொடரும் மில்பா முறையைப் பாருங்கள்: காட்டை வெட்டி எரித்துப் பயிரிட்டு, பிறகு நிலத்தைத் தரிசாக விடுவது. மரத்தை வெட்டும்போது அடிக்கட்டையை விட்டுவைக்கிறார்கள். நிலம் தரிசாகும்போது அதிலிருந்தே தளிர் வெடித்துக் காடு திரும்பும். காய்ந்த தழைக்கு ஏப்ரல், மே மாதங்களில், முதல் மழைக்குச் சற்று முன் தீ வைப்பார்கள். முந்திவிட்டால் சாம்பலைக் காற்று வாரிக்கொண்டு போகும். பிந்தினால் நனைந்த விறகு பாதியில் அணைந்து, களை விதைகள் பிழைத்துக்கொள்ளும். தீ பக்கத்துக் காட்டுக்குத் தாவாதபடி சுற்றிலும் முன்பே செத்தையை அகற்றிவிட வேண்டும்.

மேல்மண் மெலிது, அடியில் சுண்ணாம்புப் பாறை. பண்டைய மாயா மக்களிடம் இழுவை மாடும் இல்லை, ஏரும் இல்லை. கூராக்கிய கம்பால் பாறை இடுக்கில் குழி போட்டு, குழிக்கு நாலைந்து விதை இடுவார்கள். குழிக்குக் குழி ஏறக்குறைய ஒரு மீட்டர். கூடவே பீன்ஸும் பூசணியும். பீன்ஸ் சோளத்தட்டையைப் பற்றி ஏறும், அதன் வேர்முடிச்சு மண்ணுக்குத் தழைச்சத்து சேர்க்கும். பூசணி இலை தரையை மூடிக் களையை அடக்கும்.

இரண்டாம் ஆண்டிலேயே களை பெருகி விளைச்சல் இறங்கிவிடும். அதன்பின் 10, 20 ஆண்டுகள் தரிசு. அதைச் சுருக்கிய இடங்களில்தான் இந்த முறை நொடிக்கிறது. தீயின்மேல் மட்டும் பழி போடுவது நியாயமல்ல. எல்லா மாயா ஊர்களும் இப்படியே பயிரிட்டதாகவும் எண்ணிவிடாதீர்கள்: பெலிஸ் நாட்டிலுள்ள பண்டைய மாயா நகரமான காரகோலில் மலைச்சரிவுகளில் படிக்கட்டு வயல்கள், அதே நாட்டின் சதுப்புகளில் கால்வாய் வெட்டி உயர்த்திய மேட்டு வயல்கள்.

எனக்கு மிகவும் பிடித்தது தட்டையை மடக்கும் வேலை. கதிர் முற்றியதும், அதற்குக் கீழே தட்டையை ஒடித்து, கதிர் தலைகீழாகத் தொங்கும்படி விடுகிறார்கள். மழைநீர் உறைக்குள் இறங்காது, பூசணம் பிடிக்காது, பறவைக்கும் கொத்த எட்டாது. எல் சல்வடோரின் ஹோயா தே செரேன், கி.பி. 600ஐ ஒட்டி எரிமலைச் சாம்பலில் புதைந்த சிற்றூர். செடிகள் மக்கிப்போன வெற்றிடங்களில் ஆய்வாளர்கள் பிளாஸ்டரை ஊற்றியபோது சோளச்செடிகள் அப்படியே உருப்பெற்றன; அவற்றில் மடக்கிய தட்டைகளும் இருந்தன.

இப்படி மடக்கிய கதிர் வயலிலேயே காயும். பிறகு உறையோடு ஒடித்துவந்து சேமிப்பார்கள். நுனிவரை உறை மூடாத கதிரில் வண்டு சீக்கிரம் இறங்கும். அதனால் அவற்றைத் தனியே பிரித்து முதலில் உண்டு தீர்த்துவிடுவார்கள். இறுக மூடிய கதிர்களே அடுத்த பருவம்வரை இருப்பில் கிடக்கும்.