பூனை என்று சொன்னீர்களே!

நடுவர் அவர்களே, சபையோரே, எல்லாருக்கும் வணக்கம். மணி அடிப்பதற்குள் விஷயத்துக்கு வந்துவிடுகிறேன்.

சோஷலிச ஆட்சியில் திரைக்கதை எழுதியவர்கள் பணிந்தவர்களா, துணிந்தவர்களா? துணிந்தவர்கள் என்பது எங்கள் அணி. எதிரணித் தங்கை என்ன சொன்னார்? "ஸ்லோவாக் எழுத்தாளர் அல்ஃபோன்ஸ் பெட்னார், அரசாங்க ஸ்டூடியோவுக்கு எழுதிப் பிழைத்த மதில்மேல் பூனை" என்றார். கைதட்டலும் வாங்கிவிட்டார். சரி, பூனைக்கே வருகிறேன்.

1962, அன்றைய செக்கோஸ்லோவாக்கியா. பெட்னார் எழுத, ஷ்டெஃபான் உஹர் இயக்கிய படம் 'வலையில் சூரியன்'. தொடக்கத்திலேயே சூரிய கிரகணம். பிராட்டிஸ்லாவா மொட்டை மாடியில் ஓர் இளம் ஜோடி. அந்தப் பெண்ணின் அம்மாவுக்குக் கண் தெரியாது. அவ்வளவுதான் ஐயா! ஸ்லோவாக் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் கரோல் பாட்சிலெக்குக்குப் பிடிக்கவில்லை. அவர் மனசுக்குள் என்ன ஓடியிருக்கும்? நான் நடித்துக் காட்டுகிறேன். "சூரியன் மறைகிறதா? யாரைச் சொல்கிறான்? கண் தெரியாத அம்மாவா? ஐயையோ, கட்சியைத்தான்!" பொறுங்கள், இன்னும் இருக்கிறது. டான்யூப் நதியில் தண்ணீர் வற்றி, தரைதட்டி நிற்கிறது ஒரு மிதவை. "அதுவும் நாமேதான்!"

நடுவர் அவர்களே, இன்னொரு தரம் பாருங்கள். எழுதியவர் எழுதியது ஒரு வீட்டு அம்மாவை. அதில் கட்சியைக் கண்டுபிடித்தது யார்? பந்தியில் "உப்பு கம்மி" என்று யாரோ முணுமுணுத்தால் முதலில் திரும்பிப் பார்ப்பவர் சமையற்காரர்தானே?

எடுத்த ஊரில் முட்டுக்கட்டை. படம் முதலில் நாட்டின் தலைநகர் ப்ராக்கில் வெளியானது. 1963-ல் தலைவரே பதவியிலிருந்து போனார். (படத்தால் அல்ல, 1950-களின் அரசியல் வழக்குகளில் அவருக்கிருந்த பங்கால். பொய் சொல்லிப் பரிசு வாங்க மாட்டேன்.)

இதையா பூனை என்றீர்கள்? பூனையாகவே இருக்கட்டும். கிரகணத்தில் கண் தெரிகிற பிராணி அதுதானே தங்கச்சி!

அரசாங்க ஸ்டூடியோதான், உண்மை. ஸ்டூடியோக்கள் எல்லாமே அரசாங்கத்துடையவை. வேறு எங்கே போய்ப் படம் எழுதுவார்? 1956-ல் வந்த கதைத் தொகுப்புக்கே வசவு வாங்கியவர். வாங்கியும் மறுபடி எழுதினார்.

வாதம் கிடக்கட்டும். பெட்னார் இறந்தது 1989 நவம்பர் 9. அன்றிரவுதான் பெர்லின் சுவர் திறந்தது. எட்டே நாளில் ப்ராக் தெருக்களில் மாணவர்கள். ஆண்டு முடிவதற்குள் கட்சியின் தனி ஆட்சி போயிற்று. எழுபத்தைந்து வயது மனிதர், இன்னும் இரண்டு மாதம் இருந்திருக்கக் கூடாதா? கிரகணத்தை எழுதியவருக்கு அது விடுவதைப் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லையே அம்மா...

மணி அடித்துவிட்டது. வணக்கம்.