கறுப்பு பிளாஸ்டிக்கில் மூடிய கிறிஸ்து

நேயர்களுக்கு வணக்கம்.

1989ஆம் ஆண்டு ரியோ டி ஜெனீரோ கார்னிவலில் ஒரு வழக்கு நடந்தது. வழக்குத் தொடுத்தது அந்நகரின் கத்தோலிக்க உயர்மறைமாவட்டம். எதிர்த்தரப்பில் 'பெய்ஜா ஃப்ளோர்' சம்பா பள்ளி. பள்ளி என்றதும் வகுப்பறையை நினைத்துவிட வேண்டாம். அது ஆண்டு முழுதும் கார்னிவல் ஊர்வலப் போட்டிக்காக உழைக்கும் ஆடல் பாடல் மன்றம்.

அதன் கலை இயக்குநர் ஜொவாசினியோ டிரின்டா ஆடம்பரத்துக்குப் பேர்போனவர். அந்த ஆண்டு மட்டும் குப்பையையும் கந்தலையும் கையில் எடுத்தார். கொர்கொவாடோ மலைமீது கைவிரித்து நிற்கும் மீட்பர் கிறிஸ்துவைப் பிச்சைக்காரராக வடித்து ஊர்தியில் ஏற்றினார். திருச்சபை கொதித்தது, நீதிமன்றம் தடை விதித்தது. தணிக்கையை ஒழித்த புதிய அரசியல் சாசனம் வந்து சில மாதங்களே ஆகியிருந்தன!

டிரின்டா சிலையை இறக்கவில்லை. கறுப்பு பிளாஸ்டிக்கால் மூடி, ஒரு பதாகையை மாட்டி ஊர்வலத்தில் விட்டார். "தடை செய்யப்பட்டிருந்தாலும் எங்களைக் கண்ணோக்கியருளும்" என்றது பதாகை. பட்டம் கிடைக்கவில்லை, இரண்டாம் இடம்தான். ஆனால் மூடாத சிலைக்கு இந்தப் புகழ் வாய்த்திருக்குமா என்பது சந்தேகமே.

இதைத் தெய்வ நிந்தனை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பதாகையில் இருப்பது மன்றாட்டு. பசித்தவனுக்குச் செய்ததை எனக்கே செய்தீர்கள் என்றவரைக் கந்தலில் காட்டியதில் என்ன பிழை? பிரேசிலில் இத்தகைய மோதல்கள் பலவும் நம்பிக்கையாளர்களுக்குள்ளேயே நடப்பவை. 1995இல் நாட்டின் பாதுகாவலியான அபரெசிடா மாதாவின் திருநாளன்று, அவர் உருவத்தைத் தொலைக்காட்சியில் காலால் உதைத்தவர் நாத்திகரல்லர்; யுனிவர்சல் சபை என்ற பெந்தெகொஸ்தே வகைச் சபையின் ஆயர்.

2019இல் நடந்தது வேறு ரகம். 'போர்டா டோஸ் ஃபுண்டோஸ்' நகைச்சுவைக் குழு, இயேசுவைத் தன்பாலின ஈர்ப்புள்ளவராகச் சித்திரித்து நெட்ஃபிளிக்ஸில் ஒரு கிறிஸ்துமஸ் படம் வெளியிட்டது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் அவர்கள் அலுவலகத்தின்மீது பெட்ரோல் குண்டு வீசப்பட்டது. 2020 ஜனவரியில் ரியோ நீதிபதி ஒருவர் படத்தை நீக்கச் சொன்னார். மறுநாளே உச்ச நீதிமன்றத் தலைவர் அந்த உத்தரவை நிறுத்தினார். படம் எனக்கு ரசிக்கவில்லை, அதற்காகக் குண்டா?

2022இல் 'கிராண்டே ரியோ' பள்ளி, ஆப்பிரிக்க வழித் தெய்வமான எஷுவைக் கருப்பொருளாக்கியது. பல பெந்தெகொஸ்தே மேடைகளில் பேயென்று விரட்டப்படும் தெய்வம் அது. அந்தப் பள்ளிக்கு முதன்முறையாகச் சாம்பியன் பட்டம் கிடைத்தது.