ஃப்ரீடா காலோவை நிலைநிறுத்தியது ஓவியமே

நடுவர் அவர்களே, எதிரணியில் அமர்ந்திருக்கும் நண்பர்களே, அவையில் கூடியிருக்கும் பெரியோர்களே, அனைவருக்கும் வணக்கம்.

மெக்சிகோ ஓவியர் ஃப்ரீடா காலோவின் புகழை இன்றளவும் நிலைநிறுத்தியிருப்பது அவருடைய வாழ்க்கையா, ஓவியமா என்பது நம்முன் வைக்கப்பட்டிருக்கும் தலைப்பு. ஓவியமே என்று வாதாட நான் வந்திருக்கிறேன். எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர், ஆறு வயதில் தாக்கிய போலியோ, 1925 செப்டம்பர் 17 அன்று அவர் சென்ற பேருந்தின்மீது டிராம் மோதிய விபத்து, இடுப்பைத் துளைத்த இரும்புக் கம்பி, முறிந்த முதுகெலும்பு, 1929இல் சுவரோவியர் தியேகோ ரிவேராவுடன் திருமணம், 1939இல் மணமுறிவு, மறு ஆண்டே அவருடனேயே மறுமணம், 1953இல் வெட்டியெடுக்கப்பட்ட வலக்கால் என்று ஒன்று விடாமல் எடுத்துரைத்தார். கேட்டுக்கொண்டிருந்த எனக்கு, ஓர் ஓவியரைப் பற்றிய உரையைக் கேட்கிறோமா, மருத்துவமனைக் கோப்பை யாரோ வாசிக்கக் கேட்கிறோமா என்ற ஐயமே வந்துவிட்டது. அவர் சொன்ன செய்திகளில் எதையும் நான் மறுக்கவில்லை. ஆனால் அவ்வளவு நீண்ட உரையில் ஓர் ஓவியத்தின் பெயர்கூட இடம்பெறவில்லை என்பதை நடுவர் அவர்கள் குறித்துக்கொள்ள வேண்டுகிறேன்.

விபத்துதான் அவரை ஓவியராக்கியது என்றார் நண்பர். விபத்து அவரைப் படுக்கையில் கிடத்தியது, மருத்துவராக வேண்டும் என்ற எண்ணத்தைக் கைவிடச் செய்தது, அவ்வளவே. அவருடைய தந்தை கியெர்மோ காலோ, ஜெர்மனியில் பிறந்து மெக்சிகோவில் குடியேறிய புகைப்படக் கலைஞர். படம் எடுக்கவும், எடுத்த படத்தை நுண்ணிய தூரிகையால் திருத்தவும், வண்ணம் தீட்டவும் மகளுக்குக் கற்றுக்கொடுத்தவர் அவர். பெர்னாந்தோ பெர்னாந்தெஸ் என்ற அச்சுச் செதுக்குக் கலைஞரிடம் வேலைக்குச் சேர்ந்து கோட்டோவியம் பயின்றதும் விபத்துக்கு முன்புதான். எனவே கட்டிலின் மேல்விதானத்தில் கண்ணாடி பொருத்தப்பட்டு, படுத்தபடியே வரைவதற்கு ஏற்ற தாங்கி அமைக்கப்பட்டபோது, அதன்முன் இருந்தது ஏற்கெனவே பழகிய கை. ஒரு முகத்தை எப்படி உற்றுப் பார்க்க வேண்டும் என்று தந்தையின் இருட்டறையிலேயே கற்றுக்கொண்ட கண். எலும்பு முறிந்து மாதக்கணக்கில் படுத்துக் கிடந்தவர்கள் உலகெங்கும் எத்தனையோ பேர். அவர்களுள் எத்தனை பேரைப் பற்றி நாம் இன்று பட்டிமன்றம் நடத்திக்கொண்டிருக்கிறோம்?

இப்போது 1932ஆம் ஆண்டுக்கு வருகிறேன். என் வாதத்தின் உயிர்நிலை இங்கேதான் இருக்கிறது. ரிவேரா சுவரோவியம் தீட்டுவதற்காக அமெரிக்காவின் டெட்ராய்ட் நகருக்கு அழைக்கப்பட்டிருந்தார். உடன் சென்ற ஃப்ரீடாவுக்கு அங்கே ஜூலை மாதத்தில் கருச்சிதைவு ஏற்பட்டது. இந்தத் துயரத்தை எதிரணி தன் கணக்கில் எழுதிக்கொள்ளும் என்பது எனக்குத் தெரியும். ஆனால் அதன்பின் அவர் செய்தது என்ன? கணவர் அருங்காட்சியகச் சுவர்களை நிரப்பிக்கொண்டிருந்த அதே ஊரில், இவர் முப்பது சென்டிமீட்டர் உயரமும் முப்பத்தெட்டு சென்டிமீட்டர் அகலமும் கொண்ட ஓர் உலோகத் தகட்டை எடுத்துக்கொண்டார். ஏன் தகடு? மெக்சிகோவில் ஒரு பழைய வழக்கம் உண்டு. பெருநோயிலிருந்தோ விபத்திலிருந்தோ பிழைத்தவர்கள் நேர்த்திக்கடனாக, பெயர் தெரியாத உள்ளூர் ஓவியர்களைக் கொண்டு சிறு தகரத் தகட்டில் அந்த நிகழ்ச்சியை வரையச் செய்து தேவாலயத்தில் மாட்டுவார்கள். நடுவில் துன்பக் காட்சி இருக்கும். மேலே மேகத்தின்மீது காப்பாற்றிய அன்னையோ புனிதரோ இருப்பார். கீழே நன்றி சொல்லும் வாசகம் இருக்கும். இத்தகைய தகடுகளை ஃப்ரீடாவும் ரிவேராவும் நூற்றுக்கணக்கில் சேகரித்தார்கள். மெக்சிகோ நகரின் கொயோவகான் பகுதியிலுள்ள அவர்களுடைய நீலவீட்டில் இன்றும் அவற்றைக் காணலாம்.

'ஹென்றி ஃபோர்டு மருத்துவமனை' என்ற அந்தப் படத்தில் ஃப்ரீடா அந்த நேர்த்திக்கடன் வடிவத்தை அப்படியே எடுத்துக்கொண்டு, அதிலிருந்து புனிதரை மட்டும் நீக்கிவிட்டார். குருதி தோய்ந்த கட்டில் வெட்டவெளியில் தனியே மிதக்கிறது; தொடுவானத்தில் மோட்டார் ஆலையின் கட்டடங்கள் தெரிகின்றன; மேலே காப்பாற்ற யாரும் வரவில்லை. தெய்வம் இருந்திருக்க வேண்டிய இடத்திலும் அதைச் சுற்றிலும் ஒரு கரு, ஒரு நத்தை, பெண்ணுடலின் மருத்துவ மாதிரி, ஓர் எந்திரம், ஓர் ஆர்க்கிட் மலர், ஓர் இடுப்பெலும்பு ஆகிய ஆறும், கட்டிலில் கிடக்கும் பெண்ணின் கையிலிருந்து புறப்படும் சிவப்பு நாடாக்களால் கட்டப்பட்டு நிற்கின்றன. அதே ஆண்டில் தாயும் இறந்த பிறகு அவர் முடித்த 'என் பிறப்பு' படத்தில், பிரசவக் கட்டிலுக்கு மேலே சுவரில், துயருறும் மரியாளான வியாகுல அன்னையின் உருவம் மாட்டப்பட்டிருக்கிறது. அந்த அன்னையால் எதுவும் செய்ய இயலவில்லை. அடியில் நன்றி வாசகம் எழுதுவதற்கான சுருள்பட்டை வரையப்பட்டிருக்கிறது. அதில் ஓர் எழுத்துகூட இல்லை. நூற்றாண்டுகளாக ஒரு மக்கள் கூட்டம் கடவுளுக்கு நன்றி சொல்லப் பயன்படுத்திய வடிவத்தை, நன்றி சொல்ல ஒன்றும் மிஞ்சாத ஒரு பெண்ணின் வடிவமாக மாற்றுவதற்குத் துன்பம் மட்டும் போதாது, நடுவர் அவர்களே. அந்த மரபை முழுவதுமாகக் கற்றிருக்க வேண்டும். அதில் எந்த இடத்தை வெறுமையாக விட்டால் பார்ப்பவரின் நெஞ்சு அதிரும் என்று அறிந்த துணிவு வேண்டும். குழந்தை பிறத்தலும் கருக் கலைதலும் ஐரோப்பிய ஓவிய மரபு பெரும்பாலும் ஏறெடுத்துப் பார்க்காத பொருள்களாக இருந்த காலம் அது என்பதையும் சேர்த்து எண்ணிப் பார்க்க வேண்டும்.

மறு ஆண்டு, டெட்ராய்ட் நாளிதழ் ஒன்று இவரைப் பற்றிச் செய்தி வெளியிட்டபோது, சுவரோவிய மேதையின் மனைவி மகிழ்ச்சியோடு ஓவியத்தில் கை வைத்துப் பார்க்கிறார் என்ற பொருளில் தலைப்பிட்டது. வாழ்க்கையை வைத்து அளந்தவர்களுக்கு அன்று தெரிந்தது அவ்வளவுதான்.

அவர் தன் கதையைத் தவிர வேறெதை வரைந்தார் என்று எதிரணியின் இரண்டாவது பேச்சாளர் கேட்டார். அவருடைய படங்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு தன்னுருவப் படங்கள் என்பது உண்மை. மற்றவை? 1935இல், ஒரு பெண்ணைக் கத்தியால் பலமுறை குத்திக் கொன்ற ஆணைப் பற்றி நாளிதழில் செய்தி வந்தது. சில சின்னக் குத்துகள்தானே என்று அவன் நீதிமன்றத்தில் சொன்னானாம். அந்தச் சொற்களையே தலைப்பாக்கி ஃப்ரீடா படம் வரைந்தார். தொப்பியோடு நிற்கும் கொலைகாரனின் சட்டையில் தெறித்த குருதி, படத்தின் எல்லைக்குள் அடங்காமல் மரச் சட்டத்தின்மீதும் சிதறிக் கிடக்கிறது. ரிவேரா ஃப்ரீடாவின் தங்கையுடன் கொண்ட உறவால் உண்டான வலியே இப்படி வெளிப்பட்டது என்று ஆய்வாளர்கள் சொல்கிறார்கள், இருக்கட்டும். அந்த வலியோடு நிற்காமல், முன்பின் தெரியாத ஒரு பெண்ணின் பிணத்தருகே நம்மைக் கொண்டுபோய் நிறுத்தியது எது?

அல்லது டோரதி ஹேலின் படத்தைப் பாருங்கள். 1938 அக்டோபரில் நியூயார்க்கின் உயரமான கட்டடம் ஒன்றிலிருந்து குதித்து இறந்த நடிகை அவர். அவருடைய தோழியும் நாடகாசிரியருமான கிளேர் பூத் லூஸ், இறந்தவரின் தாய்க்குக் கொடுப்பதற்காக நினைவுப் படம் ஒன்றை வரைந்து தருமாறு ஃப்ரீடாவிடம் கேட்டார். வழக்கமான ஓர் அழகிய முகத்தை எதிர்பார்த்த அவருக்கு வந்து சேர்ந்த படத்தில், கட்டடத்தின் உச்சியில் ஒரு சிறு புள்ளியாகவும், நடுவானில் தலைகீழாகவும், கீழே தரையில் கண் திறந்தபடியும் அதே பெண் மூன்று முறை இருந்தாள். இங்கும் குருதி சட்டத்துக்கு வழிந்திருந்தது. அதிர்ந்துபோன லூஸ் அதை அழித்துவிடவே நினைத்தார். பிறகு படத்தின் அடியிலிருந்த வாசகத்தில் தன் பெயர் வரும் பகுதியை மட்டும் மறைக்கச் செய்தார். பரிதாபத்தைச் சம்பாதிக்க விரும்பும் ஓவியர் இப்படி ஒரு படத்தை அனுப்பியிருக்க மாட்டார்.

தன்னையே வரைந்த படங்களிலும் பரிதாபம் இல்லை என்பதுதான் எனக்குப் பெரிய வியப்பு. 1944இல் தீட்டிய 'உடைந்த தூண்' படத்தில் உடல் நடுவில் பிளந்து, முதுகெலும்பு இருக்க வேண்டிய இடத்தில் வெடித்துச் சிதைந்த கிரேக்கத் தூண் நிற்கிறது. தோலெங்கும் ஆணிகள், பின்புறம் வெடித்த பாலைநிலம். கன்னத்தில் கண்ணீர்த் துளிகள் இருந்தும் முகத்தில் ஒரு சுளிப்புகூட இல்லை. அந்தக் கண்கள் நேராக நம்மைப் பார்த்து, நீ ஏன் இங்கே நின்று பார்க்கிறாய் என்று கேட்கின்றன. கனவையும் ஆழ்மனத்தையும் கலையாக்க முனைந்த சர்ரியலிச இயக்கத்தின் தலைவர் ஆந்த்ரே பிரெத்தோன் அவரைத் தம் அணியில் சேர்த்துக்கொள்ள முயன்றார். பின்னாளில், தாம் கனவுகளை வரையவில்லை, தம் சொந்த மெய்ம்மையையே வரைந்ததாக ஃப்ரீடா மறுத்துச் சொன்னார். அந்த வாக்கியத்தை எதிரணி தனக்குச் சாதகமாக எடுத்துக்கொள்ளலாம். ஆனால் அதில் 'வரைந்தேன்' என்ற வினையும் இருக்கிறது.

இனி, செல்வாக்கு. 1983இல் ஆங்கிலத்தில் வெளிவந்த ஒரு வாழ்க்கை வரலாற்று நூலும் 2002இல் வந்த திரைப்படமுமே அவரை உலகறியச் செய்தன என்பது எதிரணியின் வலுவான வாதம். ஆண்டுகளைச் சற்று வரிசையாகப் பார்ப்போம். 1938இல் நியூயார்க்கில் ஜூலியன் லெவி கூடத்தில் அவர் முதல் தனிக்கண்காட்சி நடத்தினார்; அதே ஆண்டில் நடிகர் எட்வர்ட் ஜி. ராபின்சன் நான்கு படங்களை வாங்கினார். 1939இல் பாரிசில் அவருடைய தன்னுருவப் படமொன்றைப் பிரெஞ்சு அரசு வாங்கியது. ரிவேராவின் தொடர்புகள் இவற்றுக்கு உதவின என்பதை ஒப்புக்கொள்கிறேன். 1970களில் அமெரிக்காவில் வாழ்ந்த மெக்சிகோ வழியினரான சிக்கானோ கலைஞர்கள் தங்கள் அச்சுப் படங்களிலும் பலிபீட அமைப்புகளிலும் அவரை முன்னோடியாக ஏற்றார்கள். 1978இல் சான் பிரான்சிஸ்கோவில் இறந்தோர் நாளன்று அவருக்கென்றே ஒரு கண்காட்சி எடுத்தார்கள். 1982இல் லண்டனின் வைட்சாப்பல் கூடத்தில் திரைப்பட ஆய்வாளர்களான லாரா மல்வியும் பீட்டர் வோலனும் அவருடைய படங்களை, தீனா மொதோத்தியின் புகைப்படங்களோடு வைத்துக் காட்டினார்கள். இவையெல்லாம் அந்த நூலுக்கு முன்பே நடந்தவை. கலைஞர்கள் முதலில் கண்டுகொண்டார்கள். கதை சொல்பவர்கள் பிறகு வந்தார்கள். 2001இல் ஜப்பானியக் கலைஞர் யாசுமாசா மொரிமுரா ஃப்ரீடாவின் வேடம் பூண்டு புகைப்படத் தொடர் ஒன்றை உருவாக்கியபோது, அவர் எடுத்துக்கொண்டது பேருந்து விபத்தை அன்று. ஃப்ரீடாவின் ஓவிய அமைப்புகளை.

அவர் ஆசிரியராகவும் இருந்தார் என்பதை இந்த மேடையில் இதுவரை யாரும் சொல்லவில்லை. 1943 முதல் 'லா எஸ்மெரால்தா' ஓவியப் பள்ளியில் கற்பித்தார். உடல்நிலை இடம்தராதபோது மாணவர்கள் கொயோவகானுக்கே வந்து கற்றார்கள். 'லோஸ் ஃப்ரீதோஸ்' என்று பெயர்பெற்ற அந்த மாணவர்களைக் கொண்டு அவ்வூரில் 'லா ரோசித்தா' என்ற கள்ளுக்கடையின் வெளிச்சுவரில் படம் தீட்டச் செய்தார். அம்மாணவர்கள் பின்னாளில் மெக்சிகோவின் ஓவியர்களாகத் தொடர்ந்து இயங்கினார்கள்.

பைகளிலும் குவளைகளிலும் தலையணை உறைகளிலும் தெரியும், ஃப்ரீடாவின் ஒன்றோடொன்று கூடிய புருவங்களைக் காட்டி, இதுதான் புகழ் என்கிறது எதிரணி. அது வாழ்க்கையின் வெற்றியென்றால் தாராளமாக அவர்களே எடுத்துக்கொள்ளட்டும். 2018இல் அவர் பெயரில் வந்த பார்பி பொம்மையில் அந்தப் புருவங்கள்கூடச் சரியாகக் கூடவில்லை. குடும்பத்தினர் வழக்குத் தொடுக்க, மெக்சிகோ நீதிமன்றம் அங்கே விற்பனையைத் தடுத்தது. ஓவியத்தைக் கழித்துவிட்டு வாழ்க்கையை மட்டும் விற்கப் புறப்பட்டால் போய்ச் சேரும் இடம் அது. 2025 நவம்பரில் அவருடைய 1940ஆம் ஆண்டு ஓவியம் ஒன்று ஏறத்தாழ 5 கோடியே 47 லட்சம் டாலருக்கு ஏலம் போய், பெண் ஓவியர்களின் படைப்புகளில் அதுவரை இல்லாத விலையைப் பெற்றது. அந்த விலையை நான் வாதமாக வைக்கப் போவதில்லை. 1984இல் மெக்சிகோ அரசு அவருடைய படைப்புகளை நாட்டின் கலைச்செல்வமாக அறிவித்து, உள்நாட்டிலுள்ளவற்றை வெளிநாட்டில் விற்கத் தடை விதித்ததால், சந்தைக்கு வருபவை மிகக் குறைவு, அந்த அருமையும் விலையை ஏற்றுகிறது. ஆனால் அந்த அரசு சட்டம் போட்டுக் காத்தது எதை என்பதை மட்டும் கவனியுங்கள்.

அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பரிடம் எனக்கு ஒரே ஒரு வேண்டுகோள். 'என் பிறப்பு' படத்தின் அடியில் இருக்கும் அந்த எழுதப்படாத பட்டையை, ஃப்ரீடாவின் வாழ்க்கையில் நடந்த எந்த நிகழ்ச்சி அங்கே வெறுமையாக விட்டது என்று அவர் விளக்கட்டும். விளக்கிவிட்டால் என் கட்சியை நான் விட்டுவிடுகிறேன். வாய்ப்பளித்த நடுவர் அவர்களுக்கு நன்றி. வணக்கம்.