ஆர்தர் எரிக்காத கடிதங்கள்

அவைக்கு வணக்கம். அமெரிக்க அதிபர் ஒருவரைப் பற்றிப் பேசுங்கள் என்று கேட்டபோது, நான் லிங்கனைத்தான் எடுப்பேன் என்று அமைப்பாளர்கள் நினைத்திருக்க வேண்டும். அழைப்பிதழில் லிங்கன் படத்தையே போட்டுவிட்டார்கள். அவர் மீது எனக்குக் கோபம் ஒன்றும் இல்லை. ஆனால் இன்றைக்கு நான் பேச வந்திருப்பது செஸ்டர் ஆலன் ஆர்தரைப் பற்றி. 21-ஆவது அதிபர். அமெரிக்காவிலேயே பாதிப் பேருக்கு இந்தப் பெயர் நினைவில் இருக்காது. படத்தைப் பார்த்தால் மட்டும் மறக்க மாட்டீர்கள்: மீசை எங்கே முடிகிறது, கிருதா எங்கே தொடங்குகிறது என்று கண்டுபிடிக்கவே முடியாது!

1829-இல் வெர்மான்ட் மாநிலத்தில் பிறந்தார். அப்பா அயர்லாந்திலிருந்து வந்த பாப்டிஸ்ட் போதகர், அடிமை முறையைக் கடுமையாக எதிர்த்தவர். மகன் சட்டம் படித்து நியூயார்க் வந்து சேர்ந்தார். 1854 ஜூலையில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, எலிசபெத் ஜென்னிங்ஸ் என்ற கறுப்பினப் பள்ளி ஆசிரியை தேவாலயத்துக்குப் போக ஒரு டிராமில் ஏறினார். குதிரை இழுக்கிற டிராம். நடத்துநர் இறங்கச் சொன்னார், இவர் மறுத்தார், போலீஸ்காரர் ஒருவரையும் சேர்த்துக்கொண்டு வலுக்கட்டாயமாக இறக்கிவிட்டார்கள். வழக்கை எடுத்து நடத்திய இளம் வக்கீல் ஆர்தர்தான். அப்போது அவருக்கு 25 வயதுகூட ஆகவில்லை. 1855-இல் ஜென்னிங்ஸுக்கு 225 டாலர் இழப்பீடு தீர்ப்பானது. ரோசா பார்க்ஸ் என்ற கறுப்பினப் பெண் பேருந்தில் வெள்ளையருக்கு இடம் விட்டு எழுந்திருக்க மறுத்தது 1955-இல். நூறு வருஷம் முந்தைய கதை இது.

அந்த இளைஞரை இங்கே ஓரமாக நிறுத்தி வைத்துக்கொள்ளுங்கள். ஏனென்றால் அடுத்த இருபத்தைந்து வருஷத்தில் அவரைக் காணோம்!

1871-இல் நியூயார்க் துறைமுகத்தின் கலெக்டராக ஆர்தர் நியமிக்கப்பட்டார். நம்மூர் மாவட்ட கலெக்டர் இல்லை, சுங்க வரி வசூலிக்கும் கலெக்டர். அமெரிக்காவின் மொத்தச் சுங்க வருமானத்தில் ஏறக்குறைய முக்கால் பங்கு அந்த ஒரு அலுவலகத்தின் வழியாகப் போனது. வரி ஏய்த்தவரிடம் பிடிக்கும் அபராதத்தில் அதிகாரிக்கும் பங்கு உண்டு. சட்டப்படியே உண்டு. அதையெல்லாம் கூட்டினால், சில வருஷம் ஆர்தரின் வரும்படி அமெரிக்க அதிபரின் 50,000 டாலர் சம்பளத்தைத் தொட்டது.

ஆர்தருக்குக் கீழே ஆயிரம் பேர் அளவில் வேலை பார்த்தார்கள். எப்படி வேலைக்கு வந்தார்கள்? கட்சிச் சீட்டு. செனட்டர் ராஸ்கோ கான்க்ளிங் நியூயார்க்கில் குடியரசுக் கட்சியை ஆட்டிவைத்தவர், அவர் கை காட்டினால் வேலை. வேலை கிடைத்த பிறகு சம்பளத்தில் நூற்றுக்கு இவ்வளவு என்று கட்சி நிதிக்கு எடுத்து வைக்க வேண்டும். வைக்காவிட்டால் வேலை போகும். ஆர்தர் தன் பைக்குள் திருட்டுப் பணம் போட்டார் என்று யாரும் நிரூபித்ததில்லை. ஆனால் அந்த யந்திரத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தது அவர்தான். நல்ல சூட்டு, நல்ல சாப்பாடு, நள்ளிரவு வரை அரட்டை, மறுநாள் பிற்பகலில் அலுவலகம். 1878-இல் அதிபர் ஹேய்ஸ் அவரை அந்தப் பதவியிலிருந்து நீக்கினார்.

1880 ஜனவரியில் மனைவி நெல் நிமோனியாவில் இறந்தார். ஆர்தர் கட்சி வேலையாக மாநிலத் தலைநகர் ஆல்பனியில் இருந்தார். செய்தி கிடைத்து ஓடி வந்து சேர்ந்தபோது மனைவிக்கு நினைவு இல்லை. பிற்காலத்தில் வெள்ளை மாளிகையில் அந்தம்மாளின் படத்துக்குத் தினமும் புதுப் பூ வைக்கச் சொன்னாராம்.

அதே வருஷம் ஜூனில் சிகாகோவில் குடியரசுக் கட்சி மாநாடு. 36 சுற்று வாக்கெடுப்புக்குப் பிறகு யாரும் எதிர்பாராத கார்ஃபீல்ட் வேட்பாளர் ஆனார். கான்க்ளிங் கோஷ்டியைச் சமாதானப்படுத்த ஒருவருக்குத் துணை அதிபர் பதவி தர வேண்டும். ஆர்தரைக் கேட்டார்கள். தூக்கி எறி என்றார் கான்க்ளிங். ஆர்தர் வாழ்க்கையில் முதல் முறையாகத் தலைவர் பேச்சை மீறினார், இது நான் கனவிலும் நினைக்காத கௌரவம் என்று சொல்லி ஏற்றுக்கொண்டார்.

பதவிக்கு வந்ததும் மாறினாரா என்றால், அதுவும் இல்லை. நியூயார்க் கலெக்டர் பதவிக்குத் தனக்கு வேண்டாதவரை கார்ஃபீல்ட் நியமித்தார் என்று கான்க்ளிங் கோபித்துக்கொண்டு 1881 மே மாதம் செனட்டிலிருந்து ராஜினாமா செய்தார். திரும்பவும் தேர்ந்தெடுத்து அனுப்புங்கள் என்று மாநிலச் சட்டமன்றத்தில் ஆதரவு தேடினார். கூடவே அலைந்தவர் யார் தெரியுமா? துணை அதிபர் ஆர்தர்! தன் சொந்த அதிபருக்கு எதிராக! ஜூலை 2-ஆம் தேதி காலை இருவரும் ஆல்பனியிலிருந்து படகில் வந்து நியூயார்க்கில் இறங்கியபோதுதான் தகவல் கிடைத்தது. வாஷிங்டன் ரயில் நிலையத்தில் கார்ஃபீல்டைச் சுட்டுவிட்டார்கள்.

சுட்டவன் சார்ல்ஸ் கிட்டோ. தேர்தலில் தன் பேச்சால்தான் ஜெயித்தார்கள் என்று நம்பி, பாரிஸில் தூதரக வேலை கேட்டு நடையாய் நடந்தவன். பிடிபட்டபோது, நான் கான்க்ளிங் கோஷ்டிக்காரன், இனி ஆர்தர்தான் அதிபர் என்று கத்தினான்.

ஆர்தரின் நிலையை யோசித்துப் பாருங்கள். கொலைகாரன் வாயில் உங்கள் பெயர். ஊரே உங்களைச் சந்தேகமாகப் பார்க்கிறது. 79 நாள் கார்ஃபீல்ட் படுக்கையில் கிடந்தார். மருத்துவர்கள் கழுவாத விரலை விட்டுக் குண்டைத் தேடினார்கள். குண்டைவிட அந்த விரல்கள்தான் அவரைக் கொன்றன என்று இன்றைக்கு மருத்துவ வரலாறு எழுதுகிறவர்கள் பலர் சொல்கிறார்கள். பொறுப்பை ஏற்றுக்கொள்ளுங்கள் என்று வற்புறுத்தியும் ஆர்தர் நியூயார்க் வீட்டை விட்டு அசையவில்லை.

அந்த நாட்களில்தான் ஒரு கடிதம் வந்தது. தேதி ஆகஸ்ட் 27. எழுதியவர் ஜூலியா சாண்ட், 31 வயது, அதே நியூயார்க், நோயாளி, வீட்டை விட்டு அதிகம் வெளியே போக முடியாதவர். ஆர்தரை அவருக்குத் தெரியாது. எடுத்த எடுப்பிலேயே போட்டு உடைக்கிறார்: கார்ஃபீல்டின் உயிர் போய்க்கொண்டிருக்கிறது, ஜனங்கள் துக்கத்தில் தலை குனிகிறார்கள், அவர் சாகிறார் என்பதற்காக மட்டும் இல்லை, அடுத்து வரப்போவது நீங்கள் என்பதற்காகவும்தான் என்று. அப்புறம் திருப்பம். பெரிய நெருக்கடி வரும்போது பாதி வாழ்க்கை உறங்கிக்கிடந்த நல்ல குணமும் விழிக்கும், உங்களிடம் அந்தப் பொறி இருந்தால் இதுதான் சமயம் என்கிறார். ஜென்னிங்ஸ் வழக்கு இந்தப் பெண்ணுக்குத் தெரிந்திருந்ததா, தெரியாது. ஆனால் நான் ஓரமாக நிறுத்தி வைக்கச் சொன்னேனே ஒரு வக்கீல், அவரைத்தான் கூப்பிடுகிறார்.

செப்டம்பர் 19 இரவு கார்ஃபீல்ட் இறந்தார். 20-ஆம் தேதி அதிகாலை இரண்டே கால் மணி, லெக்சிங்டன் அவென்யூ 123-ஆம் எண் வீடு. நள்ளிரவில் ஒரு நீதிபதியைத் தேடிப் பிடித்து அழைத்து வந்து, தன் வீட்டுக் கூடத்திலேயே ஆர்தர் உறுதிமொழி எடுத்தார். (அந்தக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் இன்றைக்குக் கலுஸ்தியான் என்ற மளிகைக்கடை. மஞ்சள்தூளும் துவரம்பருப்பும் வாங்கலாம்.) அவரும் அந்த நிமிஷத்தில் செத்துப்போனால் அடுத்து யார் என்பதற்கு ஆளே இல்லை. துணை அதிபர் இல்லை, செனட்டுக்கு இடைக்காலத் தலைவர் இல்லை, கீழவைக்குச் சபாநாயகர் இல்லை. ஆர்தர் செனட்டைக் கூட்டும் அறிவிப்பை எழுதி, உறையின் மேல் 'அதிபர்' என்று எழுதி வெள்ளை மாளிகைக்குத் தபாலில் போட்டார். தனக்கு ஏதாவது ஆனால் அடுத்து வருகிறவர் பிரிக்கட்டும் என்று!

கான்க்ளிங் வந்தார், வராமல் இருப்பாரா? அந்த நியூயார்க் கலெக்டரைப் பதவியிலிருந்து தூக்கு என்றார். ஆர்தர் முடியாது என்றார். கார்ஃபீல்ட் செய்த நியமனத்தைக் கலைக்க மாட்டேன் என்று உறுதியாக நின்றார். அத்தனை வருஷ உறவு அந்த அறையிலேயே முறிந்தது.

1883 ஜனவரி 16-இல் பெண்டில்டன் சட்டத்தில் கையெழுத்திட்டார். அரசு வேலைக்குப் போட்டித் தேர்வு. ஊழியரிடம் கட்சிக்குக் கட்டாய வசூல் கூடாது. ஆரம்பத்தில் பத்தில் ஒரு பங்கு வேலைகளுக்குத்தான் பொருந்தியது, பிறகு வந்த அதிபர்கள் விரித்தார்கள். எல்லாம் ஆர்தரின் மனமாற்றம் என்று நான் சொல்ல மாட்டேன். தேர்வு வைத்தால் அனுபவசாலிகளைவிடக் கல்லூரியிலிருந்து வந்த பையன்கள்தான் ஜெயிப்பார்கள் என்று முதலில் அவரே தயங்கினார். 1882 நவம்பர் தேர்தலில் கட்சிக்கு விழுந்த அடிதான் காங்கிரஸை, அதாவது அமெரிக்க நாடாளுமன்றத்தை, அவசரப்படுத்தியது. ஆனால் சுங்க அலுவலகத்தில் கட்சிக்காரர்களை அடைத்து வைத்திருந்த அதே கை அதில் கையெழுத்துப் போட்டதே, அது சின்ன விஷயமா?

குறையும் உண்டு. சீனத் தொழிலாளர்கள் குடியேற 20 வருஷம் தடை போட்ட மசோதாவை 1882 ஏப்ரலில் திருப்பி அனுப்பினார். ஒரே மாதத்தில் 10 வருஷமாகக் குறைத்துக் கொண்டுவந்தார்கள், கையெழுத்திட்டுவிட்டார். இருபது அநியாயம் என்றால் பத்து எப்படி நியாயம்? இந்த இடத்தில் அவருக்கு நான் வக்காலத்து வாங்கப் போவதில்லை.

ஜூலியா விடாமல் எழுதினார். பாராட்டு, திட்டு, ஆலோசனை எல்லாம் கலந்து. அரசவையில் ராஜாவிடம் பயமில்லாமல் உண்மை பேசும் குள்ளன் மாதிரி, நான் உங்கள் குள்ளன் என்று தன்னைச் சொல்லிக்கொண்டார். 1882 ஆகஸ்ட் 20 மாலை, முன்னறிவிப்பே இல்லாமல் அதிபரின் குதிரை வண்டி அந்த வீட்டு வாசலில் வந்து நின்றது. சோபாவில் சாய்ந்திருந்த ஜூலியா, ஒரு வருஷமாக நாட்டின் அதிபருக்குப் புத்தி சொல்லிக்கொண்டிருந்த ஜூலியா, அவர் உள்ளே வந்ததும் திரைச்சீலைக்குப் பின்னால் போய் ஒளிந்துகொண்டார். ஆர்தர் ஒரு மணி நேரம்போல இருந்து பேசிவிட்டுப் போனார்.

அப்போதே ஆர்தருக்குச் சிறுநீரக நோய் இருந்தது, வெளியே சொல்லவில்லை. 1884-இல் கட்சி அவரை மறுபடி நிறுத்தவில்லை. 1886 நவம்பர் 18-இல், 57 வயதில் இறந்தார். அதற்குச் சற்று முன்னால் தன் காகிதங்களையெல்லாம் எரிக்கச் சொன்னார். கட்சிக் கணக்கு, சிபாரிசுக் கடிதம், கான்க்ளிங் காலத்துச் சங்கதி, எல்லாம் சாம்பல். அவரைப் பற்றி எழுதப்போன வரலாற்றாசிரியர்கள் பல வருஷம் கையைப் பிசைந்துகொண்டிருந்தார்கள்.

1958-இல் ஆர்தரின் பேரன் வசமிருந்த காகிதங்கள் காங்கிரஸ் நூலகத்துக்கு வந்தன. அதில் ஒரே பெண்ணின் கையெழுத்தில் கடிதங்கள் இருந்தன. எண்ணிப் பார்த்தார்கள், 23.